மணிக்கூண்டுத் திருடனும் மலையடிப் பிள்ளையாரும்

நான் எழுதியதைப் படித்து இதுவரை யாரும் திருந்தியதாகத் தகவல் இல்லை. கெட்டுப்போனதாகவும் இல்லை. ஆனால் பழைய கார்ட்டூன் ஒன்றைப் பற்றி நான் எழுதிய கட்டுரையால், கல்வராயன் மலை அடிவாரத்தில் ஒரு பெண்மணியின் டீக்கடை மூடப்படும் நிலைக்கு வந்துவிட்டது. எழுத்தால் சமூகத்தில் என்ன நடந்துவிடப்போகிறது என்று கேட்பவர்களுக்கு இனி என்னிடம் ஒரு பதில் உண்டு. வெளியே சொல்லிக்கொள்ளத் தக்கது அல்ல என்பது மட்டும்தான் குறை.

கார்ட்டூனை முதலில் சொல்லிவிடுகிறேன். திருக்கோவிலூரில் நான் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த நாட்களில், பக்கத்து வீட்டுத் தொலைக்காட்சியில், இரண்டு நிகழ்ச்சிகளுக்கு நடுவே இட்டு நிரப்புவதற்காகப் போட்டது. கறுப்பு வெள்ளை. ஏழெட்டு நிமிடம் இருக்கும். அதில் பேசிய மொழி எங்களில் ஒருவருக்கும் தெரியாது. தெரியாததால் ஒரு நஷ்டமும் இல்லை.

அதில் ஒரு திருடன். பானை வயிறு, தீக்குச்சிக் கால்கள். தோளிலிருந்து தொங்கும் அங்கி அவனைவிட நீளம். அவன் பதுங்கிப் பதுங்கிப் போகும்போது அந்த அங்கி தெருவில் கிடக்கும் சருகு, பூனை, யாரோ காயப்போட்ட சட்டை எல்லாவற்றையும் பின்னால் இழுத்துக்கொண்டு வரும். அவன் திருட நினைப்பது ஊர் மணிக்கூண்டில் இருக்கும் பெரிய கடிகாரத்தை. எதற்கு என்று கடைசிவரை சொல்லமாட்டார்கள். அதுதான் அதன் கலை உச்சம் என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

மணியின் நாக்குக்குப் பஞ்சு சுற்றி, கயிறு கட்டி, ஆயிரம் அவதிப்பட்டுக் கடிகாரத்தை இறக்கி, முதுகில் சுமந்து ஊர் எல்லையைத் தாண்டிவிடுவான். ஒரு பாறைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு, தன்னைத் துரத்திக்கொண்டு ஊர் வரும் என்று காத்திருப்பான். யாரும் வரமாட்டார்கள். கடிகாரம் இல்லாததால் ஊரில் யாரும் எழுந்திருக்கவே இல்லை. சேவல்கூட மணிக்கூண்டை நிமிர்ந்து பார்த்துவிட்டு, மணி தெரியாமல், மறுபடி படுத்துக்கொள்ளும். திருடனுக்குப் பொழுது போகாது. விசிலடிப்பான். வெட்கப்படுவான். கடைசியில் தாங்கமுடியாமல் கடிகாரத்தைத் திரும்பச் சுமந்து வந்து, இருந்த இடத்திலேயே மாட்டி, முள்ளைத் தள்ளி மணியடிக்கவும் வைப்பான். ஊர் விழித்துக்கொண்டு கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டு அவனைத் துரத்தும். அவன் ஓடுவான். ஓடும்போது அவன் முகத்தில் அப்படி ஒரு மகிழ்ச்சி.

இந்தப் படத்தை யாரோ ஒரு புண்ணியவான் இணையத்தில் ஏற்றியிருந்தார். வயிறு விஷயத்தில் நானும் அந்தத் திருடனும் ஏறக்குறைய ஒன்றாகிவிட்ட வயதில் அதை மறுபடி பார்த்து, ஒரு சிற்றிதழுக்குக் கட்டுரை எழுதினேன். 'திருட்டு என்பது திருடனும் பறிகொடுத்தவனும் சேர்ந்து செய்கிற வேலை. தேட ஆள் இல்லாவிட்டால் அது வெறும் சுமை தூக்கல்' என்று அதில் ஒரு வரி. எழுதிவிட்டு அன்று முழுவதும் என்மேல் எனக்கே மரியாதையாக இருந்தது. அந்த இதழைப் படிப்பவர்களை ஒரு ஷேர் ஆட்டோவில் ஏற்றிவிடலாம். அவர்களில் ஒருவர் எங்கள் நகரின் நலச்சங்கப் பொருளாளர் என்பது எனக்குத் தெரியாது.

எங்கள் நகர், கள்ளக்குறிச்சியிலிருந்து கச்சிராயபாளையம் போகும் சாலையில், கரும்புக் கொல்லையாக இருந்து மனைகளாக மாறிய இடம். இன்னும் சில வீட்டுத் தோட்டங்களில் கரும்பு தானாக முளைக்கிறது. நலச்சங்கத்தார் பூங்காவுக்கு விட்ட மூலையில் ஒரு பிள்ளையார் கோயில் கட்டினார்கள். சுவர் எழும்பி, சின்னதாகக் கோபுரமும் வந்துவிட்டது. பிள்ளையார்தான் பாக்கி.

பொருளாளர் மின்வாரியத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். மலையடிவாரக் கம்பங்கள் எல்லாம் அவர் ஏறியவை. கூட்டத்தில் அவர்தான் பேச்சை ஆரம்பித்தார்.

"சிற்பிகிட்ட சொன்னா நல்லாத்தான் செஞ்சி குடுப்பான். ஆனா வாங்கின புள்ளையாருக்குப் பவரு கம்மி."

"தூக்கினு வந்தாதான் ஜாஸ்தி," என்றார் மாவு மில்காரர். அதில் அங்கே யாருக்கும் கருத்து வேறுபாடு இல்லை. திருடி வைத்த பிள்ளையாருக்குத்தான் சக்தி என்பது எங்கள் பக்கத்தில் குடிநீரில் குளோரின் போல எல்லோருக்கும் உள்ளே போயிருக்கும் விஷயம்.

"சரி, யாரு பிளான் போடறது?"

பொருளாளர் என்னைப் பார்த்தார். "சாரு கீறாரே. மணிக்கூண்டையே தூக்கறதப் பத்தி எழுதியிருக்காரு. நான் படிச்சேன்."

"அது கார்ட்டூனுங்க," என்றேன். "அதுல அவன் தோத்துப்போறான்."

"எதுனால தோத்தான்னு உங்களுக்குத் தெரியுமில்ல? அத்த மட்டும் வுட்டுட்டு மீதியப் பண்ணுங்க."

என் எழுத்துக்கு இவ்வளவு பயனுள்ள விமர்சனம் அதற்கு முன்பு வந்ததில்லை. மறுக்க வேண்டும் என்றுதான் வாயைத் திறந்தேன். ஆனால் ஒரு கூட்டம் முழுக்க என்னை நிபுணராகப் பார்த்ததும் அதுதான் முதல் தடவை. திறந்த வாயால் "பார்க்கலாம்" என்றேன்.

இடத்தைப் பொருளாளரே சொன்னார். கச்சிராயபாளையம் தாண்டி, அணைக்குப் பிரியும் வழியை விட்டு, மலைச்சாலை முதல் வளைவில் திரும்புவதற்குச் சற்று முன்னால், ஒரு புங்க மரத்தடியில் மேடையும் கூரையும் இல்லாத பிள்ளையார். இரண்டு பேர் தூக்கும் கனம். பூசாரி கிடையாது. மலையேறும் ஜீப், லாரி, பஸ் எல்லாம் அங்கே நிற்கும். டிரைவர் இறங்கிக் கற்பூரம் ஏற்றிவிட்டு வண்டியை எடுப்பார். இறங்கி வரும்போது, உருப்படியாக வந்து சேர்ந்ததற்கு இன்னொரு கற்பூரம்.

வேவு பார்க்கப் பொருளாளரின் பைக்கில் பின்னால் உட்கார்ந்து போனேன். மரத்துக்குப் பக்கத்தில் தகரக் கூரை போட்ட டீக்கடை. கற்பூரமும் எலுமிச்சம்பழமும் டீயும் போண்டாவும் விற்றுக்கொண்டு நாற்பது, நாற்பத்தைந்து வயதில் ஒரு பெண்மணி. பெஞ்சில் உட்கார்ந்து டீ குடித்தபடி எல்லாவற்றையும் கவனித்தேன். ஒரு ஜீப் வந்தால் டிரைவர் பிள்ளையாரிடம் போவார். புளி மூட்டைக்கு நடுவே நசுங்கிக் கிடந்தவர்கள் இறங்கிக் கால் நீட்டிக் கடைக்கு வருவார்கள். பிள்ளையார் நிறுத்துகிற வண்டியில்தான் அந்தக் கடை ஓடுகிறது என்பது குழந்தைக்குக்கூடத் தெரிந்திருக்கும். நான் அதைத் திட்டத்துக்கு இடைஞ்சலாகக் குறித்துக்கொண்டேன். 'வண்டி நடமாட்டம் ஜாஸ்தி. உச்சிப் பொழுதில்தான் கம்மி.' அதற்கு மேல் என் மூளை போகவில்லை.

நாள் ஞாயிற்றுக்கிழமை என்று முடிவானது. மூன்று பேர் போதும், கண்ணை உறுத்தாத உடையில் வாருங்கள், யாரிடமும் சொல்லாதீர்கள் என்றெல்லாம் நான் சொல்லியிருந்தேன். காலையில் வெளியே வந்து பார்த்தால் ஒரு வேன் நிறைய ஆட்கள். ஆண்கள் வெள்ளை வேட்டி. பெண்கள் பட்டுப்புடவை. மாவு மில்காரர் கையில் சந்தனம் குங்குமம் வைத்த தட்டு. என் மனைவி ஒரு தூக்கில் புளிசாதமும் இன்னொன்றில் தயிர்சாதமும் கட்டி வைத்திருந்தாள்.

"திருடப் போறோம்," என்றேன் அவளிடம், தாழ்ந்த குரலில்.

"சாமியத்தான தூக்கப் போறோம்? வெறுங்கையோடவா போறது? பூவு வாங்கியாந்தீங்களா இல்லியா?"

வாங்கவில்லை. அதற்கும் திட்டு வாங்கினேன்.

வேன் போய் நின்றதும் கடைக்காரம்மா முகம் மலர்ந்துவிட்டது. ஒரே வண்டியில் அவ்வளவு பட்டுப்புடவையை அந்தப் பெஞ்சு பார்த்திருக்காது.

"இன்னா விசேஷம்? மேல கல்யாணமா?"

"சும்மா, வெள்ளிமலைக்குப் போய்க்கினு இருக்கோம்," என்றார் பொருளாளர். எல்லோரும் டீ குடித்தோம். போண்டா தீர்ந்துவிட்டது. என் மனைவி அடுப்புப் பக்கமாக உட்கார்ந்து அந்த அம்மாளோடு பேச ஆரம்பித்து, அரை நாழிகையில் இருவரும் பிறந்த வீட்டு விவகாரங்கள் வரை போய்விட்டார்கள். மலைமேல் பிறந்தவர், கீழே கட்டிக்கொடுத்தார்கள், கணவர் இறந்து சில வருஷம் ஆகிறது, தம்பி மேலே சாமை பயிரிடுகிறான் என்பதெல்லாம் புளிசாதத்தோடு சேர்ந்து என் காதிலும் விழுந்தது.

பிறகு அவர் குடத்தை எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டார். "அக்கா, செத்த கடையப் பாத்துக்குங்க. ஒரு கொடம் தண்ணி புடிச்சாந்துடறேன்."

திருட வந்தவர்களிடம் கடையைக் காவலுக்கு விட்டுவிட்டு அவர் நடந்து போனார். நாங்கள் தூக்கினோம். தூக்கும்போது பேசக்கூடாது, திரும்பிப் பார்க்கக்கூடாது என்பது முறை. பேசவில்லை. துண்டால் சுற்றி வேனுக்குள் வைத்தோம். என் மனைவி, ஒப்புக்கொண்ட காவலைப் பாதியில் விட்டு வர மனமில்லாமல், அடுப்பைச் சற்றுத் தணித்துவிட்டு, பாலுக்கு மூடி போட்டுவிட்டுக் கடைசியாக ஏறினாள்.

கச்சிராயபாளையம் வரும்வரை பொருளாளர் கண்ணாடி வழியாகப் பின்னால் பார்த்துக்கொண்டே வந்தார். "ஒருத்தனும் வரல," என்றார். குரலில் நிம்மதியைவிட ஏமாற்றம்தான் அதிகம் இருந்தது. நான் என் கட்டுரையின் வரியைச் சொல்லலாமா என்று யோசித்து, வேனில் இருந்த மனநிலையைப் பார்த்துவிட்டு, விட்டுவிட்டேன்.

கும்பாபிஷேகத்துக்கு ஆடி கழிந்துதான் நாள் கிடைத்தது. குருக்கள், "எங்கேருந்து வந்தாருன்னு நான் கேக்கல, நீங்களும் சொல்லாதீங்க," என்று சொல்லிவிட்டு, சாமியைச் சில நாள் தண்ணீரிலும் அப்புறம் பிரதிஷ்டை வரைக்கும் நெல்லிலும் வைக்கச் சொன்னார். கருவறையில் பூச்சு ஈரம் காயவில்லை. திட்டம் யாருடையதோ அவர் வீட்டில்தான் சாமி இருக்கவேண்டும் என்று கூடிப் பேசி முடிவெடுத்தார்கள். ஆக, எங்கள் கூடத்தில் ஒரு பெரிய பிளாஸ்டிக் தொட்டியில், கழுத்துவரை நெல்லில் புதைந்து, தலையும் பாதித் தும்பிக்கையும் மட்டும் வெளியே தெரிய, டிவியைப் பார்த்தபடி பிள்ளையார் இருந்தார். நாங்கள் எந்த சேனல் வைத்தாலும் அவர் முகம் மாறவில்லை.

இந்த நிலையில் மலைமேல், வெள்ளிமலையில் ஒரு பள்ளிக்கூடத்தில் இலக்கிய மன்றக் கூட்டம், வந்து நகைச்சுவையாகப் பேசுங்கள் என்று கூப்பிட்டார்கள். பஸ்ஸில் போனேன். புங்க மரம் வந்தது. பஸ் நிற்கவில்லை. டீக்கடைக்காரம்மா சாலையோரம் வரைக்கும் வந்து, டீ வடிகட்டியைப் பிடித்த கையையே தூக்கிக் காட்டினார். டிரைவர் பதிலுக்கு ஒரு ஹாரன் அடித்துவிட்டுப் போனார். பெஞ்சில் யாரும் இல்லை.

"ஏன் நிக்கல?" என்று கண்டக்டரிடம் கேட்டேன்.

"சாமி பூட்டாரு சார். எவனோ தூக்கினு போய்ட்டான். இப்ப மேல மூணாவது வளைவுல முனீஸ்வரன்கிட்ட நிக்கறோம். அங்கியும் ஒருத்தன் கட போட்டுட்டான்."

அன்று என் பேச்சு எடுபடவில்லை. பிள்ளைகள் மரியாதைக்குச் சிரித்தார்கள். முடிந்து பஸ்ஸுக்குக் காத்திருக்கும்போது, பொழுது போகாமல், கைப்பேசியில் சேமித்து வைத்திருந்த அந்தக் கார்ட்டூனைப் போட்டேன். எத்தனையோ தடவை பார்த்தது. திருடன் கடிகாரத்தோடு ஊரைத் தாண்டியதும், காட்சி ஒரு நொடி மணிக்கூண்டுக்குத் திரும்பும். அங்கே ஓரத்தில், விரற்கடை உயரத்தில், ஒரு ஆள் வரையப்பட்டிருக்கிறான். ஏணியில் பாதி ஏறி நிற்கிறான். கையில் கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கும் பெரிய சாவி. மேலே சாவி கொடுக்க ஒன்றும் இல்லை, வட்டமாக ஒரு ஓட்டை. சேவலுக்கு அடுத்த சிரிப்பாக அவனைப் போட்டிருக்கிறார்கள். சின்ன வயதில் சிரித்தும் இருப்பேன்.

கட்டுரை எழுதியபோது இவனைப் பற்றி எனக்கு ஞாபகமே இல்லை. திருடன், ஊர் என்று இரண்டு கட்சியாகப் பிரித்து வேலையை முடித்துவிட்டேன். ஊரே தூங்கிக்கொண்டிருக்கிறது என்று நான் எழுதியது தப்பு. ஒருவன் எழுந்திருக்கிறான். துரத்த அவனால் முடியாது, ஏணியில் நிற்கிறான். திருடன் கடிகாரத்தைத் திருப்பிக் கொண்டுவந்ததும் இவனுக்காக இல்லை. தன்னைத் துரத்த ஆள் வேண்டும் என்பதற்காக. கடைசிக் காட்சியில் ஏணி இருக்கிறதா என்று தேடிப் பார்த்தேன். வரைந்தவர்கள் மறந்துவிட்டார்கள் போல.

திரும்பும் பஸ்ஸில் கண்டக்டரைக் கெஞ்சிப் புங்க மரத்தடியில் இறங்கிக்கொண்டேன்.

"வாங்க சார்," என்றார் கடைக்காரம்மா. "அன்னிக்கு வேன்ல வந்தவரு இல்ல நீங்க? உங்க வூட்டு அக்கா சௌக்கியமா?"

"நல்லா இருக்கா."

"அன்னிக்கு நீங்கல்லாம் போனப்புறந்தான் சார் சாமியக் காணோம். அக்கா பாவம், பால மூடி வச்சிட்டுப் போயிருந்துச்சி. எடுத்தவன் அக்கா கண்ணுல பட்டிருந்தா வுட்டிருக்காது."

அவர் முகத்தைப் பார்த்தேன். டீத்தூளை அளந்துகொண்டிருந்தார். ஒன்றும் படிக்க முடியவில்லை.

"எடுத்தவங்க மேல கோவம் இல்லியா?"

"இன்னா கோவம்? அதுவே தூக்கினு வந்த புள்ளையாருதான். எங்க வூட்டுக்காரரு, கல்யாணம் ஆன புதுசுல, எலவனாசூர்கோட்ட தாண்டி எதோ ஏரிக்கரைலருந்து ரெண்டு பேரா தூக்கினு வந்து வச்சாங்க. அதுனாலதான் வண்டிங்க நின்னுது. இப்ப தூக்கினவனத் திட்டினா, செத்த மனுஷனையும் சேத்துத் திட்டின மாதிரி ஆவுமே." டீயை நீட்டினார். "சாமிக்கு ஒண்ணும் கொற இல்ல சார். எங்கனா நல்லாத்தான் கீறாரு. என் கடதான் போச்சி."

"என்ன செய்யப் போறீங்க?"

"இந்த மாசம் பாக்கறேன். இல்லன்னா மேல தம்பி வூட்டுக்குப் போவணும். தம்பி தங்கமானவன். அவன் பொண்டாட்டி கையால சோறு வாங்கித் துண்ணணும், அதான். கட இருந்தா அவ சந்தைக்கு வரப்ப என்கிட்ட வந்து டீ கேப்பா. கட இல்லன்னா நான் போயி அவகிட்ட நிக்கணும்."

இதை அவர் சிரித்துக்கொண்டேதான் சொன்னார். சிற்பியிடம் ஒரு பிள்ளையார் வாங்கித் தரட்டுமா என்று கேட்டேன்.

"வாங்கின சாமிக்கு எந்த டிரைவரு நிறுத்துவான்? தம்பி ஒரு மண்ணுப் புள்ளையார வச்சிப் பாத்தான். மரியாதையா ஒரு ஹாரன் அடிச்சிட்டுப் போறானுங்க."

"எடுத்தவங்களே கொண்டாந்து திருப்பிக் குடுத்துட்டா?"

"அய்யய்ய! வேணாம்னு திருப்பி அனுப்பின சாமின்னு பேசுவானுங்க. அதுக்கு மண்ணுப் புள்ளையாரே தேவல." அடுப்பில் விறகைத் தள்ளினார். "தூக்கினுதான் வரணும். தம்பி கீறான், ஜீப்பு கீது. எங்கனா தோதா ஒரு புள்ளையாரு இருந்தா சொல்லுங்க சார். நாலு எடம் போற மனுஷன் நீங்க."

இப்படி ஒரு கேள்விக்குத் தயாராக நான் எந்தப் புத்தகத்தையும் படித்திருக்கவில்லை. "கள்ளக்குறிச்சியில ஒண்ணு இருக்கு," என்றேன். "புதுசா கோயில் கட்டறாங்க. அதுவரைக்கும் ஒரு வீட்டுக் கூடத்துல, நெல்லுக்குள்ள வச்சிருக்காங்க."

"வூட்டுக்குள்ளயா? நாயி கீதா?"

"இல்ல. கேட் பூட்டறதில்ல."

"வூட்டுக்காரரு எப்படி? சண்டைக்கு வருவாரா?"

"மதியம் சாப்ட்டாத் தூங்கிடுவாரு. எழுந்தாலும் பெருசா எதுவும் பண்ற ஆள் இல்ல."

"பொண்டாட்டி?"

"அதைத்தான் சொல்ல முடியாது."

அவர் தலையாட்டிக்கொண்டார். வீட்டுக்கு வழி, வண்டி நிறுத்த இடம், தெருவில் ஆள் நடமாட்டம், தொட்டியின் அகலம் என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். நான் சொன்னேன். என் திட்டத்தைவிட அவர் கேள்விகள் ஒழுங்காக இருந்தன என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். கடைசியில், "நீங்கதான் காட்டிக் குடுத்தீங்கன்னு தெரிஞ்சா அந்த வூட்டுக்காரரு உங்களச் சும்மா வுடுவாரா?" என்றார்.

"அவர் என்னை ரொம்ப நாளாவே சும்மா விட்டு வச்சிருக்காருமா," என்றேன்.

மனைவியிடம் சொல்லவில்லை. அவள் நலச்சங்கத்தின் மகளிர் அணித் தலைவி. சொன்னால் எதிர்க்க வேண்டிய பொறுப்பு அவளுக்கு வந்துவிடும். தினமும் மதியம் சாப்பிட்டுவிட்டுக் கூடத்துக் கட்டிலில் கண்ணை மூடிப் படுத்துக்கொண்டேன். வழக்கமாக உட்கார்ந்த இடத்திலேயே தூங்கிவிடும் எனக்கு, அந்த நாட்களில் பார்த்துத் தூக்கம் வரவில்லை. ஒரு கண்ணைத் திறந்தால் எதிரே பிள்ளையார்.

ஒரு மதியம் தெருமுனையில் ஜீப் சத்தம் கேட்டது. பிறகு கேட். பிறகு செருப்பைக் கழற்றும் சத்தம். திருட வந்தாலும் செருப்பை வெளியே விட்டு வருகிறார்களே என்று நினைத்தேன். உள்ளே இரண்டு மூன்று பேர் மெதுவாக நடக்கும் ஓசை. அதே நேரம் அடுக்களையிலிருந்து என் மனைவியின் குரல்.

"யாரு அது?" காலடி. "அட, நீங்களா!"

"அக்கா! இது உங்க வூடா!" என்றார் கடைக்காரம்மா. அந்த ஆச்சரியத்தில் எத்தனை பங்கு நிஜம் என்று இன்றைக்கும் என்னால் சொல்ல முடியாது.

மின்விசிறி மட்டும் சுற்றிக்கொண்டிருந்தது. கண்ணை மூடிக்கொண்டு ஒருவர் அடையக்கூடிய பயம் முழுவதையும் அப்போது அடைந்தேன்.

"கட எப்படிப் போவுது?" என்று மனைவி கேட்டாள்.

"போவல அக்கா."

மனைவியின் காலடி தொட்டியருகே போனது. பிறகு, "இரு தம்பி, அப்படியே தூக்காத, நெல்லோட சேந்து கனமா இருக்கும்," என்றாள் என் மனைவி. "மொறம் எடுத்தாறேன். நெல்ல அள்ளிட்டா சுளுவா வந்துடும்."

நெல் அள்ளும் சரசரப்பு. சாக்கில் கொட்டும் சத்தம்.

"அக்கா, சாரு எழுந்துடப் போறாரு," என்றது ஒரு ஆண் குரல். தம்பியாக இருக்கவேண்டும்.

"அவரா? அவரு எங்க தூங்கறாரு? ஒரு வாரமா சாப்ட்டதும் கண்ண மூடிக்கினு படுத்துக்கினு கீறாரு. எதுக்குன்னு இப்பதான் புரியுது. எழுப்பாதீங்க, எழுந்தா யோசிக்க ஆரம்பிச்சிடுவாரு."

இனி கண்ணைத் திறப்பதிலும் அர்த்தமில்லை, மூடியிருப்பதிலும் அர்த்தமில்லை. மூடியே இருந்தேன். மூச்சை இழுத்துப் பிடித்துத் தூக்கினார்கள். நிலைப்படியில் ஒருமுறை இடித்தது. "பாத்து, பாத்து, தும்பிக்க," என்றாள் மனைவி.

"வரேன் அக்கா."

"சொல்லிக்கினு போனா அது திருட்டு இல்லியாமே. சும்மா போங்க."

ஜீப் கிளம்பியது. மனைவி திரும்பி வந்து, சிதறிய நெல்லைக் கூட்டினாள். கட்டிலருகே வந்து நின்றாள். "எழுந்திருங்க. கமிட்டிக்கு இன்னா சொல்றதுன்னு பாருங்க. அதுதான் உங்களுக்கு வர்ற வேல."

சாயங்காலம் எல்லோரும் காலித் தொட்டியைச் சுற்றி நின்றார்கள். "வூட்ல இருக்கும்போதேவா?" என்றார் மாவு மில்காரர். "தூங்கிட்டேன்," என்றேன். யாரும் ஒரு நொடிகூடச் சந்தேகப்படவில்லை. அது எனக்குக் கொஞ்சம் வருத்தம்தான்.

பொருளாளர் தொட்டிக்குள் கையை விட்டு, ஒட்டிக்கொண்டிருந்த நெல்லை உதிர்த்துப் பார்த்தார். நான் பயந்துகொண்டிருந்தேன். ஆனால் அவர் நிமிர்ந்தபோது கண்ணில் பெருமைதான் தெரிந்தது. "நம்ம புள்ளையாருக்கு எவ்ளோ போட்டி பாத்தீங்களா?" என்றார். அங்கிருந்த எல்லோருக்கும் அது ஆறுதலாக இருந்தது. நாள் நெருங்கிவிட்டதால் சிற்பியிடமே வாங்கினார்கள். அழகான பிள்ளையார். கும்பாபிஷேகம் நன்றாக நடந்தது. கோயிலுக்குக் கம்பிக் கதவு போட்டுக் கேமராவும் வைத்திருக்கிறார்கள். அதில் என்னிடம் யோசனை எதுவும் கேட்கவில்லை.

கொஞ்ச நாள் கழித்துப் பொருளாளர் கோயில் வாசலில் என்னைப் பார்த்து, "மலையடியாண்ட ஒரு டீ குடிச்சேன் சார்," என்றார். நான் அவர் முகத்தைப் பார்த்தேன். அவர் கம்பிக் கதவின் பூட்டை இழுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். "டீ நல்லாத்தான் போடறாங்க," என்றார்.

சிற்றிதழ்க்காரர்கள் அந்தக் கார்ட்டூன் கட்டுரையைத் தொகுப்பில் சேர்க்கக் கேட்டார்கள். திருத்தித் தருகிறேன் என்று சொல்லி வாங்கி வைத்திருக்கிறேன். அந்த அழகான வரியை அடித்தாயிற்று. ஏணியில் நிற்பவனை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. எங்கே வைத்தாலும் மற்றவர்களைப் பார்த்துச் சிரிக்க முடியாமல் போகிறது.

போன வாரம் மறுபடி வெள்ளிமலைக்குப் போகவேண்டி வந்தது. பஸ் புங்க மரத்தடியில் நின்றது. டிரைவர் இறங்கிக் கற்பூரம் ஏற்றினார். முன்னால் இரண்டு ஜீப்புகள் நின்றிருந்தன. பாதிப் பேர் இறங்கிவிட்டார்கள். நான் இறங்கவில்லை. இறங்கினால் கடைக்காரம்மா என்னிடம் காசு வாங்கமாட்டாரோ என்று ஒரு பயம். வாங்கிவிடுவாரோ என்று இன்னொரு பயம். ஜன்னலோரமே உட்கார்ந்திருந்தேன்.

அவர் பஸ் பக்கம் பார்க்கவே இல்லை. கடையை மறைத்து நிறுத்திய ஜீப்காரனைத் திட்டியபடி, ஒரு கையால் டீ ஆற்றி, மறு கையால் கற்பூரம் எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தார். பெஞ்சின் ஓரத்தில் சந்தைக் கூடையோடு ஒரு இளவயதுப் பெண் உட்கார்ந்து டீயை ஒரு வாய் குடித்துவிட்டு முகத்தைச் சுளித்தாள்.

"இன்னா அண்ணி, சக்கரயே போடல?"

"போட்டாச்சி. வேணும்னா உன் வூட்டுக்குப் போயி போட்டுக் குடி," என்றார் கடைக்காரம்மா, திரும்பிக்கூடப் பார்க்காமல்.

அந்தப் பெண் மீதி டீயைக் குடித்தாள். கண்டக்டர் விசில் கொடுத்தார்.